ஏழேகால் அளவுள்ள பெண்

அத்தியாயம் 6

ஒன்றரை மணிக்கு டெய்லர் மாஸ்டர் நூல்கண்டு வாங்கக் கிளம்பிப் போனார். ஒன்று முப்பத்தைந்துக்கு அவர் சம்சாரம் சூட்கேஸைக் கட்டிலில் தூக்கி வைத்தாள். நடுவில் இருந்த ஐந்து நிமிஷத்தில் அவள் அழுதாளா இல்லையா என்பதில் மட்டும் எதிர்வீட்டு ஜன்னலுக்கும் பக்கத்து வீட்டு ஜன்னலுக்கும் அபிப்பிராய பேதம்.

இரண்டு மணிக்கு, அவள் சொல்லி அனுப்பியிருந்த தராசு மேடம் வந்து இறங்கினார். முப்பது வருஷம் எடை அளவு இன்ஸ்பெக்டராக இருந்து, ஊரிலுள்ள படிக்கல்லையெல்லாம் திருப்பிப் பார்த்துக் கடைக்காரர்களுக்கு அபராதம் போட்டவர். ஓய்வு பெற்றதும் படிக்கல்லை விட்டுவிட்டு மனுஷர்களைத் திருப்பிப் பார்க்க ஆரம்பித்துவிட்டார். பின்னாலேயே அவருடைய உதவியாளன் ரேடியோ. முன்னாள் பஸ் கண்டக்டர். வயது நாற்பது. வாய்க்கு மட்டும் இன்னும் ஓய்வு வயது வரவில்லை.

கடையும் வீடும் ஒன்றுதான். முன்னறையில் வெட்டும் மேஜை, இரண்டு மெஷின், சுவர் ஆணியில் கத்தையாகத் தொங்கும் பிரவுன் பேப்பர் அளவுகள். பின்னறையில் கட்டில், சூட்கேஸ். நடுவே, மாஸ்டர் உட்கார்ந்து தைக்கும் மரப்பெட்டிமேல் அவர் சம்சாரம், காஜா அக்கா. பட்டன் ஓட்டைக்குக் காஜா எடுப்பதும் பட்டன் தைப்பதும் அவள் வேலை என்பதால் தெரு வைத்த பெயர். வெட்டுவதும் தைப்பதும் மாஸ்டர்.

"நாலு மணிக்கு அவர் வந்துடுவார். நாலரைக்கு எனக்கு பஸ்" என்றாள் அக்கா. "எங்க அண்ணன் வீட்டுக்குப் போறேன். திரும்பி வரமாட்டேன். போறதுக்கு முன்னாடி அவ யாருன்னு மட்டும் தெரிஞ்சாகணும்."

"எவ?"

"அவருக்கு இருக்கிற இன்னொருத்தி."

ரேடியோ மேஜைமேல் வசதியாகச் சாய்ந்துகொண்டான். "மாஸ்டருக்கா? அக்கா, அந்த மனுஷன் பேசி நான் பார்த்ததே வருஷத்துக்கு ரெண்டு தடவை. ஒருத்தியை வெச்சுக்கணும்னா குறைஞ்சது நாலு வார்த்தையாவது பேசணுமே!"

"ரேடியோ, சத்தத்தைக் குறை" என்றார் மேடம். "நீங்க சொல்லுங்கம்மா. சந்தேகம் எங்க ஆரம்பிச்சுது?"

அக்கா மேஜையிலிருந்து ஒரு துண்டுத் துணியை எடுத்துக் காட்டினாள். வெள்ளையில் ஊதாப் பூ. "இது போன மாசம் வந்தது. நாலேகால் மீட்டர்னு சீட்டு ஒட்டியிருந்துது. அதுல லைப்ரரி அம்மாவுக்கு ஒரு முழு கவுன் தைச்சார். ரெண்டரை மீட்டர் ஆச்சுன்னு நோட்டுல இருக்கு. மீதி எங்கன்னு கேட்டேன். இஸ்திரிப்பெட்டி சுட்டுடுச்சு, தூக்கிப் போட்டுட்டேன்னார். ஏழு வருஷமா இப்படித்தான். ஒரு வருஷம் எலி கடிச்சுதுன்னார். ஒரு வருஷம் சாயம் போச்சுன்னார். எங்க வீட்டுல எலியே கிடையாது."

"பொய் சொல்லத் தெரியாத மனுஷன். நல்ல துணியாப் பார்த்துக் கடிக்கிற எலி!" என்றான் ரேடியோ.

மேடம் மேஜையில் கிடந்த சாக்குக்கட்டியை எடுத்தார். "தெரியாதது எதுவோ அதைத் தனியா நிறுத்தணும். அதோட ஒட்டிக்கிட்டிருக்கிறதைக் கழட்டினா ஆள் மாட்டிக்குவான். காணாமப் போன துணியோட இந்த ரெண்டரை சேர்ந்தா நாலேகால். கூட்டி ஒட்டியிருக்கு. அப்ப எப்படிக் கழட்டுறது?"

"கழிச்சு" என்றான் ரேடியோ. பஸ்ஸில் சில்லறை கொடுத்த கை. "நாலேகால்ல ரெண்டரை போனா ஒண்ணேமுக்கால்."

"ஒண்ணேமுக்கால் மீட்டர். லைப்ரரி அம்மா குண்டா, ஒல்லியா?"

"குடைக்கம்பி மேடம்."

"குடைக்கம்பிக்கே ரெண்டரை மீட்டர் ஆச்சு. ஜாக்கெட்டுக்கு ஒண்ணேமுக்கால் ஜாஸ்தி. வளர்ந்த பொம்பளை கவுனுக்குப் பத்தாது." மேடம் அக்காவைப் பார்த்தார். "இன்னொருத்தி இல்லைம்மா."

அக்காவின் முகம் ஒரு கணம் தெளிந்தது. அடுத்த கணமே, மேடம் சொல்லாமல் விட்ட பாதி அவளுக்கு எட்டிவிட்டது.

"அப்ப... குழந்தையா?"

ரேடியோ மேஜையிலிருந்து நிமிர்ந்து நின்றான்.

"அவருக்குக் குழந்தையா?" என்று அக்கா மறுபடி கேட்டாள். பிறகு அவள் குரல் உயர்ந்தது. எதிர்வீட்டு ஜன்னலுக்கு அதற்குப் பிறகு காதைத் தீட்டிக்கொள்ள வேண்டிய அவசியமே இல்லை. "அதான் கல்லு மாதிரி இருந்தாரா! வீட்டுல சாவு விழுந்த மறுநாள் காலையில கடையைத் திறந்த மனுஷன் மேடம் அவர். ஒரு சொட்டுக் கண்ணீர் இல்ல. வெளியில எல்லாம் வெச்சுக்கிட்டுத்தான்..."

மேடம் அவளை அழவிட்டு, ஆணியில் தொங்கிய கத்தையைப் புரட்டிக்கொண்டிருந்தார். ஒவ்வொரு காகிதத்திலும் வாடிக்கையாளர் பெயர், அளவு, ஓரத்தில் அந்தத் துணியின் சின்னத் துண்டு. அதுதான் மாஸ்டர் பழக்கம். கத்தையின் கடைசியில் ஒரு காகிதத்தில் ஊதாப்பூத் துண்டு இருந்தது. பெயர் இல்லை. 'மார்பு - கால் - 7¼' என்று ஒரு வரி. கீழே இன்னொரு வரி, 'தோள் - முக்கால் - 12'.

"ஏழேகாலா?" ரேடியோ எட்டிப் பார்த்தான். "அதுல கால் பங்குன்னா ரெண்டு இஞ்சுகூட வரலியே. மாஸ்டர் அணிலுக்குத் தைக்கிறாரா?"

கண்ணைத் துடைத்துக்கொண்டே அக்கா அவனைத் திருத்தினாள். அழுகையிலும் தொழில் விட்டுப் போகாது. "அவர் முழு அளவைப் பேப்பர்ல எழுத மாட்டார். துணியை நாலா மடிச்சுத்தானே வெட்டுறது? அதனால கால் பங்கை மட்டும் எழுதுவார். ஏழேகாலே கால் பங்குதான்."

"நாலால வகுத்தது ஏழேகால்" என்றார் மேடம். "வகுத்து ஒட்டியிருந்தா பெருக்கிக் கழட்டணும்."

"ஏழேகால் நாலு தடவை... இருபத்தொன்பது இஞ்சு."

"பதினொரு வயசு இருக்கும். கவுன்னா பெண் குழந்தை. அம்மா, அந்த அளவு நோட்டை எடுங்க."

நோட்டில் மார்பு இருபத்தொன்பது ஒரே ஒரு இடத்தில்தான் இருந்தது. பள்ளிக்கூட யூனிபார்ம் பக்கத்தில். மருந்துக்கடை அம்மாவின் மகள்.

மருந்துக்கடை அம்மாவின் புருஷனுக்குக் கப்பலில் வேலை. வருஷத்துக்கு ஒருமுறை வருவார், இரண்டு பெட்டி கொண்டுவருவார், போய்விடுவார். இந்த ஒரு தகவலை வைத்துக்கொண்டு தெரு பத்து வருஷமாக என்னென்னவோ தைத்துப் பார்த்திருக்கிறது. எதுவும் பொருந்தவில்லை. இப்போது பொருந்தும்போல இருந்தது.

அக்கா எழுந்தாள். ஆணியிலிருந்த கத்தையை அப்படியே பிடுங்கி மேஜையில் கொட்டி, பெயரில்லாத காகிதங்களை மட்டும் பொறுக்கினாள். எட்டு இருந்தன. ஏழின் ஓரத்தில் ஒரு துண்டுத் துணி; இருப்பதிலேயே பழைய ஒன்றில் மட்டும் துண்டு உதிர்ந்து போயிருந்தது. "இது எலி" என்றாள். "இது சாயம். இது கத்திரி தவறிப்போச்சுன்னு சொன்னது." மேடம் அவற்றைச் சிறிதிலிருந்து பெரிதாக அடுக்கினார். ஐந்தேமுக்கால். ஆறு. ஆறேகால். ஆறரை. மறுபடியும் ஆறரை. ஆறேமுக்கால். ஏழு. ஏழேகால்.

"வருஷத்துக்கு ஒரு கவுன். வருஷத்துக்குக் கால் இஞ்ச் வளர்ந்திருக்கா. ஒரே ஒரு வருஷம்தான் வளரல" என்றார் மேடம்.

"மருந்துக்கடைக்காரி மகளுக்கு எட்டு வயசுல மஞ்சக்காமாலை வந்துது" என்றாள் அக்கா, குரலே இல்லாமல். "நான்தான் போய்ப் பார்த்துட்டு வந்தேன். எலும்பா இருந்தா."

ரேடியோ மேடத்தைப் பார்த்தான். ஆறு வருஷமாக இந்த மாதிரி நிமிஷங்களில் மேடத்தின் முகத்தில் ஒரு திருப்தி வருவதைப் பார்த்திருக்கிறான். இன்று வரவில்லை. அவர் எட்டுக் காகிதங்களிலும் இரண்டாவது வரியை விரலால் தடவிக்கொண்டிருந்தார்.

"அம்மா, தோள் அளவுக்கும் இப்படிப் பங்கு எழுதுவாரா?"

"மாட்டாரே. தோளை முழுசாத்தான் எழுதுவார்."

"இந்தச் சின்ன அளவுக் காகிதத்துல முழுசாத்தான் இருக்கு. தோள் ஒன்பது. மீதி ஏழுலயும் ஏதோ ஒரு பங்கு. நான் வர்ற வரைக்கும் பெட்டியைப் பூட்டாதீங்க."

"எந்தப் பெட்டியை?"

"சூட்கேஸைத்தான்" என்றார் மேடம், கொஞ்சம் தாமதித்து.

*

மருந்துக்கடையில் அந்தப் பெண் பள்ளிக்கூடத்திலிருந்து அப்போதுதான் வந்து, பையைக் கழற்றிக்கொண்டிருந்தாள். பை அவள் முதுகை விட அகலம். ரேடியோ அவள் முகத்தில் மாஸ்டரின் மூக்கைத் தேடினான். அவனவன் தேடுவது அவனவனுக்குக் கிடைக்கும் என்பதால், பாதி மூக்கு கிடைத்தமாதிரியும் இருந்தது.

மேடம் ஊதாப்பூத் துண்டைக் காட்டினார். "இந்தத் துணியில உங்க பொண்ணுகிட்ட கவுன் இருக்கா?"

"இல்லியே. மாஸ்டர் யூனிபார்ம் மட்டும்தான் தைக்கிறார். மத்ததெல்லாம் இவ அப்பா வாங்கிட்டு வர்றது." சொல்லும்போதே மருந்துக்கடை அம்மாவுக்கு உறைத்தது. "எதுக்குக் கேட்கிறீங்க? தெரு மறுபடி என்ன பேசுது?"

"தெரு பேசலீங்க. தெரு இன்னைக்கு மௌன விரதம்" என்று ரேடியோ பல்லை இளித்தான். அந்த அம்மாள் பார்த்த பார்வையில் இளிப்பு பாதியில் நின்றது.

மேடம் தன் கைப்பையிலிருந்து இஞ்ச் டேப்பை எடுத்து அந்தப் பெண்ணின் தோளில் ஒரு நொடி வைத்து எடுத்தார். "பத்தரை. அந்தக் கவுனுக்குத் தோள் பன்னிரண்டு. இவளுக்குப் போட்டா வழுக்கி முழங்கைக்கு வந்துடும்." பிறகு மருந்துக்கடை அம்மாவை அலமாரிப் பக்கம் தள்ளிக்கொண்டு போய், அவள் காதில் ஏதோ ஒன்று கேட்டார். ஒரே ஒரு கேள்விதான். ரேடியோவுக்கு அது கேட்கவில்லை. அந்த அம்மாள் தன் மகளைத் திரும்பிப் பார்த்ததும், பார்த்துக்கொண்டே கையால் வாயைப் பொத்தியதும்தான் தெரிந்தது.

திரும்பி நடக்கும்போது ரேடியோவால் தாங்க முடியவில்லை. "மேடம், என்ன கேட்டீங்க? சொல்லாட்டி என் தலை வெடிச்சுடும்."

"வெடிக்கட்டும். அதுக்குள்ள முக்காலைக் கழட்டு. எதையோ முக்காலால பெருக்கினா பன்னிரண்டு. எதை?"

"மூணு கால் சேர்ந்து பன்னிரண்டு. அப்ப ஒரு கால் நாலு. முழுசு... பதினாறு."

"இந்த வருஷத்துக்கு முந்தின காகிதம் எல்லாம் வேற வேற பங்கு. ஒண்ணுல எட்டுல அஞ்சுன்னு போட்டுப் பத்துன்னு எழுதியிருக்கார்."

"அஞ்சு பங்கு பத்துன்னா, ஒரு பங்கு ரெண்டு. எட்டுப் பங்கு..." ரேடியோ நடுத்தெருவில் நின்றுவிட்டான். "மறுபடி பதினாறு!"

"ஏழு காகிதத்தையும் கழட்டிப் பார்த்துட்டேன். ஏழுலயும் பதினாறு. அந்தக் குழந்தையோட தோளை யார் உடம்புலயும் வெச்சு அளக்கல, ரேடியோ. ஒரு பதினாறு இஞ்ச் தோள்ல பங்கு போட்டிருக்கார். வருஷா வருஷம் பங்கைக் கொஞ்சம் கொஞ்சமாக் கூட்டிக்கிட்டே வந்திருக்கார்."

"எதுக்கு?"

"முழுசு ஆகுற வரைக்கும்" என்றார் மேடம்.

*

மணி மூன்றே முக்கால். சூட்கேஸ் கட்டிலிலிருந்து வாசலுக்கு வந்திருந்தது. அக்கா மறுபடி மரப்பெட்டிமேலேயே உட்கார்ந்திருந்தாள், செருப்புப் போட்டுக்கொண்டு.

"எழுந்திரிங்கம்மா. ஒரு அளவு எடுக்கணும்."

இந்தத் தோளிலிருந்து அந்தத் தோளுக்கு டேப்பை இழுத்துப் பிடித்து, ரேடியோவுக்குக் காட்டினார் மேடம். அவன் படித்தான். படித்த எண்ணில் விரலை வைத்தான்.

"பதினாறுதானே?" என்றாள் அக்கா. "எங்க அம்மா வீட்டுல எல்லாருக்கும் தோள் அகலம். அதுக்கென்ன?"

"மார்பு அளவு மருந்துக்கடைப் பொண்ணோடது. தோள் உங்களோடது. இந்தக் கவுன் பொருந்துற குழந்தை இந்த உலகத்துல இல்லம்மா." மேடம் குரலைத் தாழ்த்தினார். "வீட்டுல சாவு விழுந்த மறுநாளே கடையைத் திறந்தார்னு சொன்னீங்களே. யார் சாவு?"

எதிர்வீட்டு ஜன்னல் மெதுவாகச் சாத்திக்கொண்டது. தெருவுக்கு அது தெரியும். ஏழு வருஷமாக அந்த வாசலில் யாரும் பேசாத ஒரே பேச்சு அதுதான்.

"எம் பொண்ணு" என்றாள் அக்கா. "நாலு நாள் காய்ச்சல். இன்னும் மூணு வாரம் போயிருந்தா நாலு வயசு."

"நாலும் ஏழும் பதினொண்ணு" என்றார் மேடம். "மருந்துக்கடை அம்மாகிட்ட, அவங்க பொண்ணு பிறந்தப்ப ஆஸ்பத்திரியில பக்கத்துக் கட்டில்ல யாருன்னு கேட்டேன். நீங்கதான்னு சொன்னாங்க. ரெண்டு பேருக்கும் ஒரே நாள், பொண்ணுங்க. அவர் ஒவ்வொரு வருஷமும் யூனிபார்முக்கு அந்தப் பொண்ணை அளக்கும்போது, உங்க பொண்ணு இருந்திருந்தா எவ்வளவு வளர்ந்திருப்பான்னு சேர்த்து அளந்துக்கிட்டார். மஞ்சக்காமாலை வந்த வருஷம் அதனாலதான் காகிதத்துல உங்க பொண்ணும் வளரல. தோள் மட்டும் அவருக்கு ஒத்துக்கல. உங்க பொண்ணாச்சே."

அக்கா மேஜையைப் பிடித்துக்கொண்டாள். "அந்தக் கவுனெல்லாம் எங்க?"

"நான் வந்ததுலருந்து நீங்க அதுமேலதான் உட்கார்ந்திருந்தீங்க. அவர் தினமும் உட்கார்ந்து காக்கிற இடம் அது ஒண்ணுதானே."

ரேடியோதான் மரப்பெட்டியின் மூடியைத் தூக்கினான். மெல்லிய வெள்ளைத் தாளுக்கு நடுவில் எட்டு கவுன்கள். எலி, சாயம், கத்திரி, இஸ்திரிப்பெட்டி என்று பலி கொடுக்கப்பட்ட துணிகள் அத்தனையும் ஒரு சுருக்கம் இல்லாமல். மேலே ஊதாப்பூ. எல்லாவற்றுக்கும் அடியில், கைக்குட்டை அளவுக்கு ஒரு மஞ்சள் கவுன். அந்த மஞ்சள் துணியை அக்காவுக்கு யாரும் அடையாளம் காட்ட வேண்டியிருக்கவில்லை. நாலாவது பிறந்தநாளுக்கு அவளே கடையில் நின்று பொறுக்கியது.

வாசலில் சைக்கிளை நிறுத்தும் சத்தம்.

மாஸ்டர் நூல்கண்டுப் பொட்டலத்தோடு உள்ளே வந்தார். சூட்கேஸைப் பார்த்தார். திறந்த பெட்டியைப் பார்த்தார். பொட்டலத்தை எங்கே வைப்பது என்று தெரியாதவர்மாதிரி கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றார்.

"மறுநாள் எதுக்குக் கடையைத் திறந்தீங்க?" என்றாள் அக்கா.

"மஞ்சக் கவுன் பாதியில நின்னுச்சு" என்றார் மாஸ்டர். "ஒரு கை வெச்சு, ஒரு கை வெக்காம. அதை அப்படியே போட்டுட்டு எப்படி உட்கார்றது?"

"எங்கிட்ட சொல்லியிருக்கலாமே. ஏழு வருஷமா ஒரு வார்த்தை..."

"நீ அவ பேரைக்கூடச் சொல்ல விடலியே. சொன்னா எழுந்து பின்பக்கம் போயிடுவே. நீ மறக்கப் பார்க்கிறே, நான் போட்டுக் கிளறக் கூடாதுன்னு இருந்தேன்."

"நானா? நீங்க மறந்துட்டீங்கன்னு நான்..."

மேடம் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஊரில் எந்தத் தராசு பொய் சொன்னாலும் கண்டுபிடிப்பவர். இந்த வீட்டில் ஏழு வருஷமாக இரண்டு தட்டும் ஒரே எடையில் கீழே இழுத்துக்கொண்டிருந்ததை யாரும் பார்க்கவில்லை.

அக்கா ஒவ்வொரு கவுனாகப் பிரித்தாள். பின்பக்கம் எல்லாம் திறந்தே கிடந்தது. "எதுலயும் காஜா இல்ல, பட்டன் இல்ல. ஏன்?"

"அது உன் வேலையாச்சே" என்றார் மாஸ்டர்.

ரேடியோ சூட்கேஸைத் தூக்கிக்கொண்டு பின்னறைக்குப் போனான். அதைக் கட்டிலடியில் தள்ளிவிட்டு, அங்கேயே கொஞ்ச நேரம் குனிந்திருந்தான். அன்று சாயங்காலம் வரைக்கும் அவன் வாயைத் திறக்கவில்லை என்பதைத் தெரு இன்றுவரைக்கும் நம்ப மறுக்கிறது.

அவன் திரும்பி வந்தபோது அக்கா செருப்பைக் கழற்றிவிட்டு, ஊதாப்பூ கவுனைத் தன் மார்போடு வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். தோளை நீவினாள். பக்கவாட்டுத் தையலைக் கட்டை விரலால் அளந்தாள்.

"தோள் சரி" என்றாள். "மார்புதான் தப்பு. இந்தத் தோளுக்கு ஏழேகால் எப்படிப் பத்தும்? மூச்சு முட்டாதா அவளுக்கு? ஏழரை வெச்சிருக்கணும்."

மாஸ்டர் மேஜைக்கு வந்தார். காகிதத்தில் ஏழேகாலை அடித்துவிட்டு ஏழரை என்று எழுதினார். முழுசு முப்பது. அரை கொஞ்சம் கோணலாக விழுந்தது.

அக்கா தையல் பிரிக்கிற சின்னக் கத்திரியை எடுத்துக்கொண்டு அந்தப் பெட்டிமேல் உட்கார்ந்தாள். "உள்ளே துணி விட்டிருக்கீங்களா, பிரிச்சுப் பெருசாக்க?"

"விட்டிருக்கேன்" என்றார் மாஸ்டர். "எட்டுலயும் விட்டிருக்கேன். வளர்ற பிள்ளையாச்சே."